ஏழரையில் நாற்பது விநாடி

அந்தத் தொலைக்காட்சி நிலையத்தில் ஆளை வேலையை வைத்துத்தான் கூப்பிடுவார்கள். கதை எழுதுகிறவர் ‘கதை’. அதைக் காட்சி காட்சியாகப் பிரிக்கிறவர் ‘திரைக்கதை’. காட்சியில் வருகிறவர்கள் பேசுவதை எழுதுகிறவர் ‘வசனம்’. “கதைக்கு இன்னிக்கு வயிறு சரியில்ல”, “திரைக்கதை பாத்ரூம்ல இருக்கு” என்றெல்லாம் அங்கே சர்வசாதாரணமாகப் பேசிக்கொள்வார்கள். பிழை திருத்துகிறவரைப் ‘பிழை’ என்றே கூப்பிட்டார்கள். அவரும் திரும்பிப் பார்த்தார்.

நம்முடைய ஆள் வசனம். பத்து வருடமாக ஒரே தொடருக்கு எழுதுகிறார். சாயங்காலம் ஏழரை மணிக்கு வருவதால் அந்தத் தொடருக்கு நிலையத்தில் ‘ஏழரை’ என்று பெயர். அந்தப் பெயருக்கு வேறு காரணமும் உண்டு என்பது அதில் வேலை செய்கிறவர்களுக்குத் தெரியும்.

வசனம் இதற்கென்று கிளம்பி வந்தவர் இல்லை. சினிமாவுக்கு எழுத வந்தவர். பதினோரு தயாரிப்பாளர்களிடம் ஒரே கதையைச் சொன்னார். ஒருவர் தூங்கினார். ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அது சளி என்று பிறகு தெரிந்தது. ஒருவருக்குக் கதை ரொம்பவும் பிடித்துப்போய், இவரிடம் சொல்லாமலே எடுத்துவிட்டார். அதில் இவருடைய கதாநாயகன் நாயாக மாறியிருந்தான். நாய் உணர்ந்து நடித்திருக்கிறது என்று பத்திரிகைகள் எழுதின. அதற்கப்புறம்தான், மூன்று மாதம் மட்டும் என்று மனைவியிடம் சத்தியம் செய்துவிட்டு, வசனம் ஏழரைக்குள் காலை வைத்தார்.

கதை இலாகாவின் சுவரில் ஒரு விதியைக் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டியிருந்தார்கள். ‘நேயர் பார்ப்பதில்லை. கேட்கிறார்.’ அதாவது, ஏழரை மணிக்கு நேயர் சமையலறையில் காய் நறுக்கிக்கொண்டிருப்பார். திரைப் பக்கம் முதுகு. காதுக்கு மட்டும்தான் தொடர் போகிறது. ஆகவே திரையில் எது நடந்தாலும் வாயால் சொல்லப்பட வேண்டும். கதவைத் திறக்கிறவள், “இதோ கதவைத் திறக்கிறேன்” என்று சொல்லிவிட்டுத்தான் திறக்க வேண்டும். விஷம் குடிக்கப் போகிறவன் எந்தக் கையால் தம்ளரை எடுக்கிறான் என்பதையும் சொல்லியாக வேண்டும். நினைவிழந்து படுத்திருக்கிறவன் மனக்குரலில் பேசுவான். செத்துப்போனவர் படத்திலிருந்து பேசுவார். ஒருமுறை, ஊமைப் பெண் ஒருத்தியைக் கதை கொண்டுவந்துவிட்டார். அவளுக்குத்தான் அந்த வருடம் மிக நீளமான வசனங்கள் இருந்தன.

இந்த வேலையில் வசனம் கெட்டிக்காரர். கெட்டிக்காரத்தனம்தான் வினையாகவும் போயிற்று.

ஒன்பது வருடத்துக்கு முன்பு ஒருநாள் அவருடைய அக்கா போனில் அழுதாள். மாமியார் என்ன சொன்னார், தான் என்ன சொன்னேன், கரண்டி எந்தச் சுவரில் பட்டது என்று ஒன்று விடாமல் சொன்னாள். தம்பி ‘ம்’ கொட்டிக் கேட்டான். இருநூற்றுப் பன்னிரண்டாவது பகுதியில் அது கரண்டி உட்பட அப்படியே வந்தது. அக்காவின் மாமியார் அன்றைக்குக் காய் நறுக்கவில்லை. நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்.

அக்கா அன்று தம்பிக்குக் கடைசியாக ஒரு போன் செய்தாள். “உங்கிட்ட வாயத் தொறந்தா அது ஏழரை மணிக்கு வரும். இனிமே தொறக்க மாட்டேன்” என்றாள். சொன்னதைச் செய்தாள். ஆனால் தொடரை மட்டும் ஒருநாள் விடாமல் பார்த்தாள். தன் வீட்டுச் சங்கதி வேறு ஏதாவது வருகிறதா என்று காவல் இருக்கிறாளாம். அம்மா சொன்னாள்.

அந்த அம்மாவுக்குத்தான் இந்த வருடம் பித்தப்பையில் கல். ஆபரேஷன் அன்று மருத்துவமனை பெஞ்சின் இந்தக் கோடியில் தம்பி, அந்தக் கோடியில் அக்கா, நடுவில் அம்மாவின் துணிப்பை. மூன்று மணி நேரம். ஒரு வார்த்தை இல்லை. இரண்டாவது மணி நேரத்தில் அக்கா ஓர் ஆரஞ்சை உரித்தாள். பாதியைக் கைக்குட்டையில் வைத்துத் துணிப்பையின் மேல் வைத்தாள். அவர் எடுத்துத் தின்றார். கொட்டையை எங்கே துப்புவது என்று திருதிருவென்று விழித்தபோது, எதிர்ச்சுவரைப் பார்த்துக்கொண்டே அக்கா உள்ளங்கையை நீட்டினாள். சின்ன வயதில் பஸ்ஸில் போகும்போது அப்படித்தான் நீட்டுவாள். வசனம் ஏதாவது சொல்ல வேண்டும் என்று வாயெடுத்தார். அதற்குள் டாக்டர் கல்லைக் கிண்ணத்தில் போட்டு எடுத்துக்கொண்டு வந்துவிட்டார். அக்கா எழுந்து போய்விட்டாள்.

அன்று வீட்டுக்கு வந்ததும் உட்கார்ந்து ஒரு காட்சி எழுதினார். மகன் உள்ளே கிடக்கிறான். வெளியே பெஞ்சில் மாமியாரும் மருமகளும். பத்து வருடமாக அடித்துக்கொண்ட இருவரும் ஓர் ஆரஞ்சைத் தின்கிறார்கள். நாற்பது விநாடி. வசனம் எழுத வேண்டிய இடத்தில் அடைப்புக்குறி போட்டு ‘இருவரும் பேசவில்லை’ என்று மட்டும் எழுதினார்.

மனைவி வாங்கிப் படித்தாள். “மறுபடியும் அவங்க சமாச்சாரத்த எடுத்துட்டீங்களா? ஒரு தடவ பட்டது போதாதா?”

“இதுல எடுக்கறதுக்கு ஒரு வார்த்த கூட இல்லியே.”

“அப்ப எதுக்கு?”

“அக்கா பாப்பா. நான் மன்னிப்புக் கேட்டா நம்ப மாட்டா. நான் பேசறது எல்லாமே வசனம்னு அவளுக்குத் தெரியும். இத நம்புவா.”

மனைவி காகிதத்தைத் திருப்பிக் கொடுத்தாள். “உங்க இலாகா இத விடாது” என்றாள். பத்து வருடக் குடும்ப அனுபவம் அது.

மறுநாள் கூட்டத்தில் இலாகாத் தலைவர் அந்தப் பக்கத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். பிறகு பின்பக்கம் திருப்பிப் பார்த்தார்.

“மிச்சம் எங்க?”

“அவ்வளவுதான் சார்.”

“வசனம் எங்கங்க?”

“வசனம் இல்ல சார். பேசாம இருக்காங்க.”

தலைவர் கண்ணாடியைக் கழற்றினார். “நான் கலைக்கு விரோதி இல்ல. எங்க வீட்டு ஹால்ல ரெண்டு ஓவியம் மாட்டியிருக்கேன். ஒண்ணு அசல். ஆனா யோசிச்சுப் பாருங்க. வசனம் எழுதறவர் வசனம் எழுதலன்னா, நாளைக்கு இதப் பாத்துட்டுக் கதை எழுதறவரும் கதை எழுதாம இருக்கலாம்னு ஆரம்பிச்சா?”

கதை சட்டென்று தலையைக் குனிந்துகொண்டார். அவர் நாலு வருடமாக அப்படித்தான் இருக்கிறார்.

திரைக்கதைக்கு வேறு கவலை. “பேசாம இருக்கறது ஒரு செயல் சார். செயல் என் இலாகா. இவர் என் வேலையில தலையிடறார்.”

“பேசினா வசனம். பேசலன்னா அது கதையோட போக்கு” என்றார் கதை, குனிந்த தலை நிமிராமல்.

மௌனம் யாருக்குச் சொந்தம் என்று ஒன்றரை மணி நேரம் இரைந்தார்கள். கடைசியில் தலைவர் எல்லோருக்கும் பொதுவாக ஒரு வழி சொன்னார். காட்சி இருக்கட்டும். மாமியார் மட்டும், ‘நான் ஆரஞ்சுப் பழம் உரிக்கிறேன், ஆனால் உன்னோடு பேச மாட்டேன்’ என்று சொல்லட்டும். மருமகள், ‘நானும் உங்களோடு பேசாமல்தான் இதைத் தின்கிறேன் அத்தை’ என்று பதில் சொல்லட்டும். “மௌனமும் ஆச்சு, நேயருக்கும் புரிஞ்சது” என்றார்.

வசனம் பத்து வருடத்தில் முதல்முறையாக “முடியாது சார்” என்றார். சொன்னது தன் வாய்தானா என்று அவருக்கே சந்தேகமாக இருந்தது. தலைவர் பக்கத்தை இழுப்பறைக்குள் போட்டார். அங்கே போனது திரும்பி வந்த சரித்திரம் இல்லை.

இது வந்தது. கலை அதைக் கொண்டுவரவில்லை, தொண்டை கொண்டுவந்தது. மாமியாராக நடிக்கிற அம்மாள் பத்து வருடமாகத் தினமும் கத்திய கத்தலில் ஒரு காலையில் குரல் போய்விட்டது. ஒரு வாரம் வாய் திறந்தால் பிறகு எப்போதுமே திறக்க முடியாது என்று டாக்டர் பயமுறுத்திவிட்டார். தலைவரிடமிருந்து வசனத்துக்குப் போன் வந்தது. “ஏதோ ஊமைக் காட்சி வச்சிருந்தீங்களே, அது தயாரா இருக்கா?”

“நாற்பது விநாடி பேசாம உக்காந்திருக்கறதுதான சார். தயாராத்தான் இருக்கு.”

படப்பிடிப்புக்கு வசனம் நேரிலேயே போனார். அந்தத் தளத்தில் நடிகர்கள் யாரும் வசனத்தை மனப்பாடம் செய்வதில்லை. காமிராவுக்குப் பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்து பக்கத்தைப் பார்த்து ஒவ்வொரு வரியாக வாசிப்பார்; கேட்டதை அவர்கள் உணர்ச்சி சேர்த்துத் திருப்பிச் சொல்வார்கள். மாமியாரும் மருமகளும் பெஞ்சில் உட்கார்ந்தார்கள். காமிரா ஓடியது. ஆரஞ்சு உரிந்தது. வாசிப்பவர் பக்கத்தைப் பார்த்து, கம்பீரமாக, “இருவரும் பேசவில்லை” என்றார்.

மருமகள் கண்ணில் தண்ணீர் முட்டியது. உதடு துடித்தது. “இருவரும்... பேசவில்லை!” என்று கதறிவிட்டு, ஆரஞ்சோடு முகத்தைப் பொத்திக்கொண்டாள்.

“ஓகே! பிரமாதம்!” என்றார் இயக்குநர்.

லைட் போடுகிறவர்கள் கைதட்டினார்கள். வசனம் ஓடிப்போய் இயக்குநரின் கையைப் பிடித்துக்கொண்டார். அது பேசுவதற்கு இல்லை, பேசாமல் இருப்பதற்கு என்று விளக்கினார். இயக்குநர் நல்ல மனிதர். “அத முதல்லயே சொல்லக் கூடாதா?” என்றார். வாசிப்பவரை டீ குடிக்க அனுப்பிவிட்டு மறுபடி எடுத்தார்கள். வரியே கிடைக்காத மருமகளுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. உண்மையாகவே திருதிருவென்று விழித்தாள். மாமியாருக்கு எரிகிற தொண்டையில் ஆரஞ்சு இறங்கவில்லை. உண்மையாகவே கண் கலங்கியது. கொட்டையை வாங்க அவர் கையை நீட்டிய இடத்தில் வசனம் சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். பத்து வருடத்தில் அந்தத் தளத்தில் முதல்முறையாக யாரோ கிளிசரின் இல்லாமல் அழுதார்கள். அது அவர்தான்.

எல்லாம் முடிந்தது என்று நினைத்தபோது ஒளிபரப்பு அறைப் பொறியாளர் கூப்பிட்டனுப்பினார்.

“சார், உங்க காட்சி நாப்பது விநாடி சத்தமில்லாம வருது. இங்க ஒரு மெஷின் இருக்கு. எட்டு விநாடி சத்தம் வரலன்னா ஏதோ கோளாறுன்னு அதுவா முடிவு பண்ணிடும். படத்த நிறுத்திட்டு ‘தடங்கலுக்கு வருந்துகிறோம்’னு அட்டையப் போட்டுடும்.”

“ஐயோ! அத நிறுத்தி வைக்க முடியாதா?”

“ஒரு பொத்தான அமுக்கினாப் போதும். இலாகாலேருந்து ஒரு கடிதம் வேணும், அவ்வளவுதான். மெஷினுக்கு இல்ல, எனக்கு.”

வசனம் அங்கேயே நின்று கடிதம் எழுதினார். ‘வியாழக்கிழமைப் பகுதியில் நாற்பது விநாடி மௌனம் இடம்பெறுவதால்...’ இலாகாவில் கொண்டுபோய்க் கொடுத்தார். கடிதம் தலைவரின் கையெழுத்துக்குப் போகும் வழியில் பிழையின் மேஜையில் இறங்கியது.

பிழை அதை மூன்று தரம் படித்தார். “மௌனம்னு எழுதியிருக்கீங்க. செய்திப் பிரிவுல மவுனம்னுதான் எழுதறாங்க.”

“சரி, அப்படியே மாத்திக்கங்க.”

“நான் எப்படி மாத்தறது? செய்திப் பிரிவுல மவுனம், கதை இலாகால மௌனம். போன வருஷம் சுற்றறிக்கைல மெள்ளனம்னே வந்துடுச்சு. டைப் அடிச்ச பொண்ணு ‘மௌ’வுல அந்தப் பக்கத்துல இருக்கற குறிய ‘ள’ன்னு நெனச்சுட்டு, ஒண்ணு போதாதுன்னு இன்னொண்ணும் போட்டுட்டா. அதுலேருந்து இந்த வார்த்த வந்தா மொழிக் குழுவுக்கு அனுப்பணும்னு உத்தரவு.”

“மொழிக் குழு எப்பக் கூடும்?”

“மூணு பேர். ஒருத்தர் ரிட்டயர் ஆயிட்டார். ஒருத்தர இன்னும் போடல. இன்னொருத்தர் நான்.”

வசனம் கெஞ்சினார். ‘சத்தமில்லாமை’ என்று போட்டுக்கொள்ளலாம் என்றார். சத்தமா, சப்தமா என்று பிழை திருப்பிக் கேட்டார். ‘பேசாமல் இருத்தல்’ என்றார். அது இரண்டு சொல், மொழிக் குழுவுக்கு அனுப்புகிற படிவத்தில் ஒரு கட்டம்தான் இருக்கிறது என்றார் பிழை. அவர் பேரில் குற்றமில்லை. முப்பது வருடமாக மற்றவர்கள் எழுதியதைத் திருத்தியே பழகியவருக்கு, சரியாக எழுதியிருக்கிற எதைப் பார்த்தாலும் கை பரபரக்கும். “வியாழக்கிழமைக்குள்ள பாத்துடலாம்” என்று ஆறுதலாகச் சொன்னார். தலைவரும் அதையேதான் சொன்னார்.

வியாழக்கிழமை ஏழரைக்கு வசனமும் மனைவியும் திரை முன்னால் உட்கார்ந்தார்கள். அடுப்பை அணைத்துவிட்டுத்தான் அவள் வந்தாள். அதே நேரத்தில் ஊரின் இன்னொரு கோடியில் அக்காவும் பார்த்துக்கொண்டிருப்பாள். பெஞ்ச் வந்தது. மாமியார் ஆரஞ்சை எடுத்தார். தோல் உரிந்தது. பாதியை நடுவில் வைத்தார். மனைவி இவர் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். மருமகள் ஒரு சுளையை எடுத்து வாயில் போட்டாள்.

திரையில் ஓர் ஏரி வந்தது. ஏரியில் இரண்டு வாத்து. கீழே, ‘தடங்கலுக்கு வருந்துகிறோம்’.

வாத்துகள் போவதாக இல்லை. பின்னணியில் யாரோ புல்லாங்குழல் வேறு வாசித்தார்கள். தொடர் திரும்பி வந்தபோது பெஞ்ச் காலியாக இருந்தது. திரைக்கதை ஒரு கார் விபத்துக்குத் தாவியிருந்தார்.

வசனம் எழுந்து போய்த் தொலைக்காட்சியை அணைத்தார். அவமானமாகக்கூட இல்லை. வெறும் துக்கமாக இருந்தது. ஒன்பது வருடத்துக்கு அப்புறம் அக்காவிடம் சொல்ல ஒன்று கிடைத்தது. அதையும் வாத்து தின்றுவிட்டது.

மறுநாள் காலையில் தலைவர் அவரை உடனே வரச் சொன்னார். மேஜையைக் காலி செய்ய ஒரு பையையும் கையில் எடுத்துக்கொண்டுதான் போனார். அறையில் கதை, திரைக்கதை, பிழை மூன்று பேரும் இருந்தார்கள். மேஜையில் இனிப்பு இருந்தது.

“வாங்க வாங்க! ரேட்டிங் பாத்தீங்களா?” தலைவர் எழுந்தே நின்றுவிட்டார். “பத்து வருஷத்துல நேத்துதான் உச்சம். எந்த நிமிஷம்னு நெனக்கறீங்க? அந்த அட்டை வந்த நிமிஷம்!”

வசனத்துக்கு ஒன்றும் விளங்கவில்லை.

“புரியலியா? சத்தம் நின்னதும் நேயருக்குப் பகீர்னு ஆயிடுச்சு. கத்தியக் கீழ வச்சுட்டு ஹாலுக்கு ஓடி வந்திருக்காங்க. பத்து வருஷமா முதுகு காட்டினவங்க முதல்தடவையா மூஞ்சியக் காட்டியிருக்காங்க. நான் என்னிக்கும் சொல்றதுதான்: நாம நேயர மதிக்கணும். அவங்களுக்கு எது வேணுமோ அதத்தான் கொடுக்கணும். அவங்களுக்கு நம்ம நிகழ்ச்சி நிக்கணும். இத்தன வருஷம் இது நமக்குத் தோணல பாருங்க!”

“காட்சி சார்... அந்தக் காட்சிய ஒரு தடவ முழுசா...”

“காட்சி கெடக்கட்டும். இனிமே திங்கள், புதன் ரெண்டு நாளும் தடங்கல். விளம்பரதாரர் அந்த ஏரிய மொத்தமாக் கேக்கறார். திரைக்கதை சார் தடங்கல் எங்கெங்கன்னு பிரிச்சுக் கொடுப்பார். கதை சார் வாத்துகளுக்குள்ள ஒரு பிரச்சினை யோசிப்பார். நீங்க வாசகத்தப் பாத்துக்கங்க. ‘வருந்துகிறோம்’னு மொட்டையா இருக்கு. நெஞ்சத் தொடற மாதிரி வேணும். ‘இதோ, நாங்கள் வருந்துகிறோம்’, அந்த மாதிரி.”

பிழை ஒரு விரலைத் தூக்கினார். “தடங்கலா, தடையா?”

அப்போது வசனத்தின் சட்டைப்பையில் போன் அதிர்ந்தது. எடுத்துப் பார்த்தார். அக்கா. தலைவர் பேசிக்கொண்டிருக்கும்போது போனை எடுக்கக் கூடாது என்று இலாகாவில் தனியாக ஒரு விதி உண்டு. எடுத்தார்.

“டேய்.”

“அக்கா.”

“நேத்து பாத்தேன். பாதியில நின்னு போச்சு.”

“ஆமாக்கா.”

“அந்தம்மா கொட்டைய வாங்கக் கைய நீட்டிச்சா?”

வசனம் இரண்டாயிரத்து நானூறு பகுதி எழுதியவர். பொங்கி வழியும் பாசத்தில் பதினாறு வகை தெரிந்தவர்.

“நீட்டிச்சுக்கா” என்றார்.

“ம்.” மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. “வர்ற வெள்ளிக்கிழம அம்மாவ டாக்டர்கிட்ட காட்டணும். நீயும் வா.”

“வரேன்க்கா.”

“வா. ஆனா எழுதாத.”

போன் வைக்கப்பட்டது. வசனம் முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு சட்டைக்கையால் துடைத்தார். அறையில் எல்லோரும் அவரையே பார்த்தார்கள்.

“யாருங்க?” என்றார் தலைவர்.

“அக்கா சார்.”

“தொடர் பாக்கறவங்களா?”

“தினமும்.”

“நேத்து தடங்கலப் பாத்துட்டுத்தான் கூப்பிட்டாங்களா?”

“அதப் பாத்துட்டுத்தான் சார்.”

“பாத்தீங்களா!” தலைவர் மேஜையைத் தட்டினார். “நேயரே நேரா போன் போட்டு அழறாங்க! என்ன சொன்னாங்க?”

“வெள்ளிக்கிழமை வரச் சொன்னாங்க சார்.”

தலைவர் பிழையின் பக்கம் திரும்பினார். “திங்கள், புதன் போதாதாம். வெள்ளிக்கிழமையும் தடங்கல் வரணுமாம். எழுதிக்கங்க.”